வாசகர் கேள்வி – பதில்: எல்லைக்கு அப்பாலிருந்து நடந்த விடுதலைப் போராட்டங்கள்

செண்பகராமன் பிள்ளையைப் பற்றிச் சென்ற இதழில் வெளிவந்த அரைப்பக்கக் குறிப்பைப் படித்துவிட்டு, பாறசாலையிலிருந்து மூணாறு வரையிலும், ஆந்திர எல்லையில் நகரி, குப்பம் பகுதிகளிலிருந்தும் வாசகர்கள் பலர் எழுதியிருக்கிறார்கள். கடிதங்களில் பெரும்பாலானவை, சொந்த மண்ணில் இருக்க வழியில்லாமல் அண்டை நாட்டிலோ கடல் கடந்தோ தங்கி அந்நிய ஆட்சியை எதிர்த்தவர்களைப் பற்றியே கேட்பதால், இந்த இதழின் பகுதியை முழுவதும் அதற்கே ஒதுக்கியிருக்கிறோம்.

கேள்வி: செண்பகராமன் பிள்ளை ‘எம்டன்’ கப்பலில் இருந்தபடி சென்னையைத் தாக்கினார் என்று எங்கள் வீட்டுப் பெரியவர்கள் சொல்வார்கள். உங்கள் குறிப்பில் அதைப் பற்றி ஒரு வரிகூட இல்லையே?
– ஒரு வாசகர், கரமனை, திருவனந்தபுரம்

அந்த வரி விடுபட்டதன்று, வேண்டுமென்றே விடப்பட்டது. ஜெர்மானியப் போர்க்கப்பலான எம்டன் சென்னைத் துறைமுகத்தின்மீது குண்டு பொழிந்தது 1914 செப்டம்பர் 22 இரவு. பர்மா ஆயில் கம்பெனியின் எண்ணெய்த் தொட்டிகள் தீப்பற்றி எரிந்ததும், அடுத்த நாட்களில் சென்னைவாசிகள் மூட்டைமுடிச்சுகளுடன் ஊரைவிட்டுக் கிளம்பியதும் உண்மை. ஆனால் அந்தக் கப்பல் சீனக் கரையில் ஜெர்மானியர் வசமிருந்த சிங்தாவ் துறைமுகத்தில் நின்றிருந்து, போர் மூண்டதும் கிழக்கிலிருந்து வங்காள விரிகுடாவுக்கு வந்தது. செண்பகராமனோ அப்போது சுவிட்சர்லாந்தின் சூரிச் நகரில் இருந்தார். அக்டோபரில்தான் பெர்லினுக்கு இடம் மாறினார். ஐரோப்பாவின் நடுவில் இருந்தவர் சீனக் கடலில் கிளம்பிய கப்பலில் ஏறியிருக்க வழியில்லை.

இந்தக் கதையால் அவருக்குப் பெருமை கூடவில்லை என்பதே என் எண்ணம். அவர் உண்மையில் செய்த வேலையை அது மறைத்துவிட்டது. நாஞ்சில் நாட்டுப் பூர்வீகமுள்ள தமிழ்க் குடும்பத்தில் 1891-ல் திருவனந்தபுரத்தில் பிறந்து, பதினேழு வயதுக்குள் ஐரோப்பாவுக்குப் போன அந்த இளைஞர், சூரிச்சில் இந்திய ஆதரவுச் சர்வதேசக் குழு ஒன்றை அமைத்துப் பத்திரிகையும் நடத்தினார். பிறகு அந்தக் குழுவை, வீரேந்திரநாத் சட்டோபாத்யாயா போன்றவர்கள் இருந்த பெர்லின் குழுவுடன் இணைத்தார். 1915 டிசம்பர் 1 அன்று காபூலில் ராஜா மகேந்திர பிரதாப்பைத் தலைவராகவும் மௌலானா பரக்கத்துல்லாவைப் பிரதமராகவும் கொண்டு இந்தியாவின் முதல் நாடு கடந்த தற்காலிக அரசு அமைந்தபோது, அதன் வெளியுறவு அமைச்சராகச் செண்பகராமனின் பெயர் அறிவிக்கப்பட்டது. அரசு காபூலில், அதன் வெளியுறவு அமைச்சர் பெர்லினில், அது ஆள வேண்டிய மக்கள் இந்தியாவில் என்று இருந்த அந்த நிலையைக் கேலி செய்வது எளிது. ஆனால் பிரிட்டிஷ் மன்னரின் பெயரில் தவிர இந்தியாவுக்கு வேறொரு ஆட்சி இருக்கலாம் என்பதையே உலகம் யோசித்திராத காலம் அது.

அந்த அரசு தோற்றதற்குக் காரணம் துணிவின்மை அன்று. ஆப்கானிய அமீர் ஹபீபுல்லா, ஜெர்மானியத் தூதுக்குழுவையும் இந்தியர்களையும் மரியாதையாக வைத்துக்கொண்டு, கடைசிவரை போரில் இறங்காமல் ஆங்கிலேயருக்கும் நல்லவராகவே இருந்துவிட்டார். பெர்லினிலும் ஜெர்மானிய அயலுறவு அலுவலகத்துக்கு இந்திய விடுதலை என்பது இங்கிலாந்தைச் சங்கடப்படுத்தும் ஒரு வழி மட்டுமே. 1918-ல் ஜெர்மனி தோற்றதும் ஆதரவும் தீர்ந்தது. இரவல் சேலையை நம்பி இடுப்புக் கந்தையை எறிந்த கதை என்று சிலர் சொல்வதுண்டு. எறிவதற்கு அவர்களிடம் கந்தையும் இருக்கவில்லை என்பதைச் சேர்த்துச் சொல்வதுதான் நியாயம்.

செண்பகராமன் 1934-ல் பெர்லினில் காலமானார். அவருடைய மனைவி லட்சுமிபாய் முப்பது ஆண்டுகளுக்கு மேல் காத்துவைத்திருந்த அஸ்தி, 1966-ல் ‘ஐ.என்.எஸ். டெல்லி’ என்ற போர்க்கப்பலில் கொச்சிக்கு வந்தது. பிறந்த ஊரின் கரமனை ஆற்றிலும் நாஞ்சில் நாட்டு வயல்களிலும் அது தூவப்பட வேண்டும் என்பது அவருடைய விருப்பம். கரமனைவாசியான உங்களுக்கு எம்டன் கதையைவிட இதுவே நெருக்கமானது.

கேள்வி: புதுச்சேரி மிகச் சிறிய ஊர், சுற்றிலும் ஆங்கிலேயர் ஆட்சி. அங்கே போய் உட்கார்ந்துகொண்ட பாரதியையும் வ.வே.சு. ஐயரையும் ஆங்கிலேயரால் ஒன்றும் செய்ய முடியவில்லை என்பது எப்படி?
– ஓர் ஓய்வுபெற்ற தமிழாசிரியர், கொழிஞ்சாம்பாறை

கைது செய்ய முடியவில்லையே தவிர, மற்ற எல்லாவற்றையும் செய்தார்கள். 1908-ல் சென்னையில் கைதுக்குத் தப்பி, பிரெஞ்சு ஆட்சியிலிருந்த புதுச்சேரிக்குப் போன பாரதி, ‘இந்தியா’ வாரப் பத்திரிகையை அங்கிருந்து மீண்டும் வெளிக்கொண்டுவந்தார். அச்சடிப்பதை ஆங்கிலேயரால் தடுக்க முடியவில்லை. ஆனால் அச்சடித்த தாள் எல்லைக்கு இப்பால் வருவதைத் தடை செய்ய முடிந்தது. வாசகரும் சந்தாவும் இப்பக்கத்தில்தானே இருந்தார்கள்? 1910-ல் பத்திரிகை நின்றது. வீட்டு வாசலில் ஒற்றர்கள், கடிதங்களில் கண்காணிப்பு, கையில் காசில்லாத குடித்தனம் என்று பத்தாண்டுகள் ஓடின. கவிஞருக்கு அவை பொற்காலம் என்று நாம் சொல்கிறோம். ‘குயில் பாட்டு’, ‘பாஞ்சாலி சபதம்’, ‘கண்ணன் பாட்டு’ ஆகியவற்றைப் பார்த்தால் அது உண்மைதான். ஆனால் அரசியல் செயலாளராகிய பாரதிக்கு அது கதவடைத்த அறை. 1918 நவம்பரில் அவர் எல்லையைத் தாண்டிய உடனேயே கடலூர் அருகே கைதானார்.

1910-ல் அரவிந்தரும், அதே ஆண்டில் ஐரோப்பாவிலிருந்து வ.வே.சு. ஐயரும் வந்து சேர்ந்த பிறகு ஊரின் குணமே மாறியது. செங்கோட்டையில் பிறந்து, திருவிதாங்கூர் வனத்துறையில் புனலூர்ப் பக்கம் வேலை பார்த்த வாஞ்சிநாதன், புதுச்சேரிக்குப் போய்ப் பயிற்சி பெற்றுத் திரும்பி, 1911 ஜூன் 17 அன்று மணியாச்சி ரயில் நிலையத்தில் திருநெல்வேலிக் கலெக்டர் ஆஷைச் சுட்டார். செங்கோட்டை அன்று திருவிதாங்கூர் சமஸ்தானம், புதுச்சேரி பிரெஞ்சு மண், மணியாச்சி பிரிட்டிஷ் இந்தியா. மூன்று ஆட்சிகளின் எல்லைகளை ஓர் அரசு ஊழியர் விடுப்பெடுத்துக்கொண்டு தாண்டியிருக்கிறார். வேலந்தாவளம் வழியாகத் தினமும் இரு மாநிலங்களுக்கிடையே போய்வருகிற உங்கள் ஊர்க்காரர்களுக்கு அதில் வியப்பிருக்காது. அந்தக் கொலைக்குப் பிறகு ஆங்கிலேயரின் நெருக்குதல் கூடியது. பிரெஞ்சு நிர்வாகமும் வெளியூர்க்காரர்கள்மீது கட்டுப்பாடுகளை இறுக்கியது. புகலிடம் தந்தவர் கைவிடவில்லை, ஆனால் கணக்குப் பார்க்கத் தொடங்கினார்.

இதன் மறுபக்கத்தையும் சொல்லிவிடுகிறேன். அன்று இந்தியருக்குப் புகலிடம் கொடுத்த அதே பிரெஞ்சுக் கொடியை இறக்க, 1947-க்குப் பிறகு வேறொரு போராட்டம் தேவைப்பட்டது. மாஹேயில் ஐ.கே. குமாரன் மாஸ்டர் தலைமையிலான மகாஜன சபையினர் 1948 அக்டோபரில் நிர்வாகத்தைச் சில நாட்கள் கைப்பற்றினார்கள். பிரெஞ்சுப் போர்க்கப்பல் வந்ததும் தலைவர்கள் இந்தியப் பகுதிக்குள் ஒதுங்கி, அங்கிருந்தே இயக்கத்தை நடத்தினார்கள். 1954 ஜூலை 16 அன்று மாஹே விடுதலை பெற்றது. அதே ஆண்டு நவம்பர் 1 அன்று புதுச்சேரி, காரைக்கால், ஏனாம் உட்பட எல்லாப் பகுதிகளும் நடைமுறையில் இந்தியாவிடம் வந்தன. சட்டப்படியான ஒப்படைப்பு 1962 ஆகஸ்டில்தான் முடிந்தது.

கேள்வி: எங்கள் பாட்டனார் கங்காணியோடு மூணாறுக்கு வந்தார், அவருடைய தம்பி நாகப்பட்டினத்தில் கப்பலேறி மலாயா ரப்பர் தோட்டத்துக்குப் போனார். அவர் நேதாஜி படையில் சேர்ந்தார் என்பதோடு தகவல் நின்றுவிட்டது. பால் வெட்டுகிற தொழிலாளிக்குப் படையில் என்ன வேலை? எங்கே விசாரிக்கலாம்?
– தோட்டத் தொழிலாளியின் மகள், மூணாறு

இந்திய தேசிய ராணுவம் முதலில் 1942-ல் சிங்கப்பூரில் சரணடைந்த பிரிட்டிஷ் இந்தியப் படையின் கைதிகளைக் கொண்டே உருவானது. அந்த முதல் முயற்சி, மோகன் சிங்குக்கும் ஜப்பானியருக்கும் இடையே ஏற்பட்ட முரண்பாட்டால் அந்த ஆண்டின் இறுதியிலேயே குலைந்தது. 1943 ஜூலை 4 அன்று ராஷ் பிஹாரி போஸிடமிருந்து சுபாஷ் சந்திர போஸ் தலைமையை ஏற்ற பிறகுதான் தோட்டங்களின் கதவு தட்டப்பட்டது. சிப்பாய்ப் பரம்பரை இல்லாதவர்களையும் படைக்கு எடுக்கலாம் என்று அவர் முடிவு செய்தார். அப்படி வந்த பொதுமக்களில் மிகப் பெரும்பாலோர் மலாயாத் தமிழர்கள். உங்கள் சிறிய பாட்டனாரும் அந்த வரிசையில் நின்றவராக இருக்கலாம்.

ஏன் சேர்ந்தார்கள் என்பதற்கு ஒரே பதில் கிடையாது. நாட்டுப்பற்று இருந்தது. வெள்ளைத் துரைமார்கள் ஜப்பானியரைக் கண்டு ஓடியதை நேரில் பார்த்த துணிச்சலும், தோட்டத்தில் ‘கூலி’ என்றே அழைக்கப்பட்டவர்களை ஒரு தலைவர் சமமாக அழைத்ததன் ஈர்ப்பும் இருந்தன. இவற்றோடு, ரப்பர் விற்காமல் சோற்றுக்கில்லாத நிலையும், சயாம்–பர்மா ரயில் பாதை வேலைக்கு ஜப்பானியர் பிடித்துக்கொண்டு போய்விடுவார்கள் என்ற அச்சமும் இருந்தன. அந்த ரயில் பாதைக்குப் போன தமிழர்களில் பெருந்தொகையினர் திரும்பவே இல்லை. அச்சத்தையும் பசியையும் சொல்வது அவர்களுடைய தியாகத்தைக் குறைத்துவிடும் என்று சிலர் நினைக்கிறார்கள்; நான் அப்படி நினைக்கவில்லை.

பெண்களுக்கும் ஒரு படை இருந்தது. ஜான்சி ராணிப் படையின் தலைவியான டாக்டர் லட்சுமி சென்னையில் வளர்ந்தவர்; அவருடைய தாயார் அம்மு சுவாமிநாதன் பாலக்காட்டு ஆனக்கரையைச் சேர்ந்தவர். அந்தப் படையில் துப்பாக்கி ஏந்தப் பழகிய பெண்களில் பலர், இந்திய மண்ணை ஒருமுறைகூடப் பார்த்திராத, தோட்டத்திலேயே பிறந்த தமிழ்ப் பெண்கள்.

1943 அக்டோபர் 21 அன்று சிங்கப்பூரில் அறிவிக்கப்பட்ட ஆசாத் ஹிந்த் தற்காலிக அரசு, காபூல் அரசைவிட ஒரு படி மேலே இருந்தது. அதற்குப் படை இருந்தது, வரி போன்ற நன்கொடை இருந்தது, 1944-ல் ரங்கூனில் வங்கியும் இருந்தது; ஜப்பான், ஜெர்மனி உட்பட அச்சு நாடுகளின் பக்கம் இருந்த அரசுகள் அதை அங்கீகரித்தன. அந்தமான் தீவுகளை அதனிடம் ஒப்படைப்பதாக ஜப்பான் அறிவித்தது. ஆனால் அதிகாரம் ஜப்பானியக் கடற்படையிடமே இருந்தது, போர்ட் பிளேரில் அப்பாவி இந்தியர்கள் சித்திரவதைக்குள்ளானபோது அந்த அரசால் தடுக்க முடியவில்லை. 1944-ல் இம்பால் போர் தோல்வியில் முடிந்தது.

என்றாலும், தோற்ற பிறகே அந்த அரசு தன் பெரிய வேலையைச் செய்தது. 1945 நவம்பரில் தில்லிச் செங்கோட்டையில் ஷா நவாஸ் கான், பிரேம் சேகல், குர்பக்ஷ் சிங் தில்லான் ஆகியோர் அரசனுக்கு எதிராகப் போர் தொடுத்த குற்றத்துக்காக விசாரிக்கப்பட்டார்கள். முறையாக அறிவிக்கப்பட்டுப் பிற நாடுகளின் அங்கீகாரமும் பெற்ற ஓர் அரசின் படையினர் இவர்கள், எனவே போர்புரியும் உரிமை இவர்களுக்கு உண்டு, இது ராஜதுரோகம் ஆகாது என்று வழக்கறிஞர் புலாபாய் தேசாய் வாதிட்டார். நீதிமன்றம் ஏற்கவில்லை, ஆயுள் தண்டனை விதித்தது. ஆனால் நாடு முழுவதும் எழுந்த கொந்தளிப்பைக் கண்டு, 1946 ஜனவரியில் தளபதி ஆக்கின்லெக் அந்தத் தண்டனையை நீக்க வேண்டியதாயிற்று. அடுத்த மாதமே பம்பாயில் கடற்படை மாலுமிகள் கிளர்ந்தெழுந்தார்கள்.

விசாரிக்க: இந்திய தேசிய ராணுவம் தொடர்பான கோப்புகள் புதுதில்லி தேசிய ஆவணக் காப்பகத்தில் இருக்கின்றன, அதன் ‘அபிலேக் படல்’ இணையத்தளத்தில் பெயரைத் தேடிப் பார்க்கலாம். பெயரை ஆங்கிலேய எழுத்தர்கள் காதில் விழுந்தபடி எழுதியிருப்பார்கள் என்பதால் பல எழுத்துக்கூட்டல்களில் முயலுங்கள். தகப்பனார் பெயரும், போன தோட்டத்தின் பெயரும் தெரிந்தால் வேலை பாதி முடிந்தது.

கேள்வி: ஆப்பிரிக்க விடுதலை இயக்கங்களில் பல தான்சானியாவிலும் ஜாம்பியாவிலும் தலைமையகம் வைத்திருந்ததாகப் படித்தேன். எதனால் அந்த இரு நாடுகள்?
– முதுகலை மாணவி, குப்பம்

வரைபடத்தை விரித்துவைத்துப் பார்த்தால் பாதி விடை கிடைத்துவிடும். 1960-களின் தொடக்கத்தில் விடுதலை பெற்ற நாடுகளுக்கும், போர்ச்சுக்கீசியரும் சிறுபான்மை வெள்ளையரும் ஆண்ட தெற்குப் பகுதிக்கும் இடையிலான கோடு, தான்சானியாவின் தெற்கு எல்லையிலும் பிறகு ஜாம்பியாவின் எல்லையிலும் விழுந்தது. மீதிப் பாதி, ஜூலியஸ் நைரேரே, கென்னத் கவுண்டா என்ற இரு தலைவர்களின் மனவுறுதி. 1963-ல் ஆப்பிரிக்க ஒற்றுமை அமைப்பு, தன் விடுதலைக் குழுவைத் தார் எஸ் ஸலாமில் அமைத்தது. மொசாம்பிக்கின் ஃப்ரெலிமோ 1962-ல் அதே நகரில் தோன்றியது. 1960 மார்ச்சில் தென்னாப்பிரிக்காவின் ஷார்ப்வில்லில் 69 பேர் சுட்டுக் கொல்லப்பட்ட பிறகு தடை செய்யப்பட்ட ஆப்பிரிக்க தேசிய காங்கிரஸ், ஆலிவர் டாம்போவின் தலைமையில் முதலில் தான்சானியாவிலும் பிறகு ஜாம்பியாவின் லுசாக்காவிலும் இருந்து முப்பது ஆண்டுகள் இயங்கியது.

முப்பது ஆண்டுகள் என்றால் குழந்தைகள் பிறந்து வளர்ந்து பெரியவர்களாகிவிடுகிற காலம். 1976-ல் சொவெட்டோ எழுச்சிக்குப் பின் ஆயிரக்கணக்கான மாணவர்கள் எல்லை தாண்டி வந்தபோது, தான்சானியாவின் மொரொகொரோவுக்கு அருகில் மசிம்பு என்ற இடத்தில், கைவிடப்பட்ட ஒரு கற்றாழைநார்த் தோட்டத்தை அந்நாட்டு அரசு கொடுத்தது. அங்கே அவர்கள் கட்டிய பள்ளிக்கு, 1979-ல் தூக்கிலிடப்பட்ட சாலமன் மஹ்லாங்குவின் பெயர் வைக்கப்பட்டது. வகுப்பறை, விடுதி, மருத்துவமனை, பண்ணை, தச்சுப் பட்டறை எல்லாம் அங்கே இருந்தன. துப்பாக்கிப் பயிற்சி முகாம்களைப் பற்றிப் பலர் எழுதியிருக்கிறார்கள். என்னைக் கேட்டால், நாடில்லாத ஓர் இயக்கம் ஆளப் பழகியது அந்தப் பள்ளி வளாகத்தில்தான்.

இடம் கொடுத்தவர்கள் கொடுத்த விலையையும் சொல்ல வேண்டும். கடல் இல்லாத ஜாம்பியாவின் செம்பு, பெரும்பாலும் வெள்ளையர் ஆண்ட ரொடீஷியா (இன்றைய ஜிம்பாப்வே) வழியாகவே துறைமுகத்துக்குப் போனது. 1973-ல் அந்த எல்லை அடைபட்டது. சீன உதவியுடன் தார் எஸ் ஸலாமுக்கு 1,860 கிலோமீட்டர் ரயில் பாதை போட்டார்கள். தென்னாப்பிரிக்கப் படை 1981-ல் மொசாம்பிக்கின் மட்டோலாவிலும், 1982-ல் லெசோத்தோவின் மசேருவிலும், 1985-ல் போட்ஸ்வானாவின் கபரோனிலும் புகுந்து கொன்றது. மசேருவில் இறந்த 42 பேரில் உள்ளூர் மக்களும் இருந்தார்கள். தாங்க முடியாத நிலையில் மொசாம்பிக் 1984-ல் தென்னாப்பிரிக்காவுடன் என்கோமாட்டி உடன்பாட்டில் கையெழுத்திட்டு, டாம்போவின் ஆட்களை வெளியேற்றியது. விடுதலைப் போரில் வென்று வந்த சமோரா மாசெல்தான் கையெழுத்திட்டவர் என்பதை நினைத்தால், அந்த முடிவின் கசப்பு புரியும். இந்தியா தொலைவில் இருந்ததால் அதற்கு இந்தச் சோதனை வரவில்லை. 1946-லேயே தென்னாப்பிரிக்காவுடன் வணிக உறவைத் துண்டித்ததும், 1967-ல் புதுதில்லியில் ஆப்பிரிக்க தேசிய காங்கிரஸ் அலுவலகம் திறக்க அனுமதித்ததும் நல்ல செயல்களே; ஆனால் லுசாக்காவும் மசேருவும் கொடுத்ததோடு அவற்றை ஒப்பிடுவது சரியில்லை.

கேள்வி: வெளியே பாதுகாப்பாக இருந்தவர்கள் கடைசியில் வந்து நாற்காலியில் உட்கார்ந்துகொள்கிறார்கள், உள்ளே அடிபட்டவர்களுக்கு ஒன்றுமில்லை என்று தோன்றுகிறதே?
– விசைத்தறி உரிமையாளர், நகரி

‘பாதுகாப்பாக’ என்ற பகுதியை மட்டும் மறுக்கிறேன். ஃப்ரெலிமோவின் எடுவார்டோ மோண்ட்லானே 1969 பிப்ரவரியில் தார் எஸ் ஸலாமில் புத்தகப் பார்சலில் வந்த குண்டு வெடித்து இறந்தார். கினி–பிசாவுவின் அமில்கார் கப்ரால் 1973 ஜனவரியில் அண்டை நாடான கினியின் கோனாக்ரியில் சொந்த இயக்கத்தவராலேயே சுட்டுக் கொல்லப்பட்டார்.

மற்றபடி உங்கள் சந்தேகத்துக்கு அல்ஜீரியா சரியான சாட்சி. 1958 செப்டம்பரில் கெய்ரோவில் அமைந்து, பின்பு துனிசில் இயங்கிய தற்காலிக அரசு, 1962 மார்ச்சில் எவியானில் பிரான்சுடன் உடன்பாடு கண்டது. ஆனால் அந்த அரசுக்கும் கட்டுப்படாத ஒரு படை துனிசியா, மொரோக்கோ எல்லைகளில் வளர்ந்திருந்தது. பிரெஞ்சுக்காரர்கள் துனிசிய எல்லையில் போட்ட மின்வேலியால் அந்தப் படையின் பெரும்பகுதி உள்ளே நுழைய முடியாமல், இழப்புகள் குறைவாக, ஆயுதம் நிறைவாக இருந்தது. உள்ளே மலைகளில் போராடிய குழுக்களோ பிரெஞ்சுத் தாக்குதலில் சிதைந்திருந்தன. விடுதலை வந்த கோடையில், பூமெதியனின் எல்லைப் படையின் துணையுடன், விடுதலை இயக்கத் தலைவர்களில் ஒருவரான பென் பெல்லா தலைநகரைப் பிடித்தார். உடன்பாட்டில் கையெழுத்திட்ட அரசு ஒதுக்கப்பட்டது. மூன்றே ஆண்டுகளில், 1965 ஜூனில், பென் பெல்லாவையும் பூமெதியன் இறக்கினார்.

நெடுநாள் வெளியே இருப்பதில் இன்னொரு கேடும் உண்டு: எங்கும் உளவாளி தெரிவது. நமீபியாவின் ஸ்வாபோ இயக்கம் அங்கோலாவின் லுபாங்கோவில் தன் ஆட்களையே நூற்றுக்கணக்கில், பலரை நிலத்தடிக் குழிகளில், ஒற்றர்கள் என்று சந்தேகித்து அடைத்துவைத்திருந்தது; உயிரோடிருந்தவர்கள் 1989-ல் வெளியே வந்தார்கள். ஆப்பிரிக்க தேசிய காங்கிரசும் அங்கோலாவில் ‘குவாத்ரோ’ என்ற சிறைமுகாமை வைத்திருந்தது. வேறுபாடு பின்னால் தெரிந்தது. காங்கிரஸ் தானே விசாரணைக் குழுக்களை அமைத்து, 1993-ல் கொடுமைகள் நடந்ததை ஒப்புக்கொண்டது. ஸ்வாபோ அப்படி ஒரு விசாரணையை நடத்தவில்லை. தென்னாப்பிரிக்காவில் உள்நாட்டுத் தொழிற்சங்கங்களும் மக்கள் அமைப்புகளும் 1980-களில் பலமாக வளர்ந்திருந்ததால், லுசாக்காவிலிருந்து திரும்பியவர்களால் உள்ளே இருந்தவர்களைக் கேட்காமல் எதையும் செய்ய முடியவில்லை என்பது இதற்கு முக்கியமான காரணம் என்று கருதுகிறேன்.

கேள்வி: இன்றும் இப்படி நாடு கடந்து இயங்குகிற குடியேற்ற நாடு ஏதேனும் மிச்சமிருக்கிறதா?
– ஒரு வாசகர், சித்தூர், பாலக்காடு மாவட்டம்

ஸ்பெயினிடம் இருந்த மேற்கு சஹாரா. 1976 பிப்ரவரியில் ஸ்பெயின் வெளியேறியதும், அந்த நாட்டை மொரோக்கோவும் மௌரித்தானியாவும் பங்கிட்டுக்கொண்டன. அந்நாட்டு விடுதலை இயக்கமான பொலிசாரியோ பிப்ரவரி 27 அன்று சஹாரா அரபுக் குடியரசை அறிவித்தது. மௌரித்தானியா 1979-ல் விலகிக்கொண்டது. அல்ஜீரியாவின் திண்டூஃப் பாலைவனத்தில் உள்ள அகதி முகாம்களிலிருந்தே அந்தக் குடியரசு இன்றும் நிர்வாகம் நடத்துகிறது. ஆப்பிரிக்க ஒன்றியத்தில் அது உறுப்பினர். 1991-ல் ஐ.நா. மேற்பார்வையில் போர்நிறுத்தம் வந்தபோது வாக்குறுதியளிக்கப்பட்ட பொதுவாக்கெடுப்பு, யாருக்கு வாக்குரிமை என்ற தகராறில் நின்றுபோனது. 2020 நவம்பரில் போர்நிறுத்தமும் முறிந்தது. இந்தியா 1985-ல் அந்தக் குடியரசை அங்கீகரித்து, புதுதில்லியில் அதற்குத் தூதரகமும் அனுமதித்தது; 2000-ல் அந்த அங்கீகாரத்தைத் திரும்பப் பெற்றுக்கொண்டது. நம் வயல்களுக்கு உரமாக வருகிற பாஸ்பேட்டில் கணிசமான பங்கு மொரோக்கோவிலிருந்து இறக்குமதியாகிறது என்பதையும் சேர்த்துப் பார்க்க வேண்டியிருக்கிறது.